ஒற்றைப் பின்னல்

அவர் சீப்பை வாங்கிக்கொண்டார்.

அவள் முதுகைக் காட்டி உட்கார்ந்தாள். படகு லேசாக ஆடியது. முடி முழுவதும் அவிழ்ந்து தோளில் கிடந்தது. இத்தனை பேர் நடுவில் தலையை விரித்துப்போட்டு உட்கார அவளுக்குக் கூச்சமாக இருந்தது. கூடவே ஆசையாகவும் இருந்தது.

திரிவேணியில் கணவன் மனைவிக்குத் தலைவாரிப் பின்ன வேண்டும். நுனியை வெட்டி ஆற்றுக்குக் கொடுக்க வேண்டும். வேணி தானம் என்று பெயர். டூர் நோட்டீஸில் காசிக்கும் கயாவுக்கும் தாஜ்மகாலுக்கும் நடுவே, தம்பதிகளுக்கு மட்டும் என்று போட்டிருந்தார்கள்.

அந்த ஒரு வரிக்காகத்தான் அவள் இந்த டூருக்கே வந்தாள்.

அதை அவரிடம் சொல்லவில்லை. எண்ணெய் காய்ச்சித் தேய்த்து, இருக்கிற முடி உதிராமல் பார்த்துக்கொண்டாள்.

முன்னால் பின்னிய கணவர்கள் எல்லோரும் சொதப்பியிருந்தார்கள். மன்னார்குடி மாமா மூட்டை கட்டுவதுபோல முடிச்சே போட்டுவிட்டார். "முப்பது வருஷமா தினம் பார்த்துண்டுதானே இருக்கேள்!" என்று அவர் மனைவி விசாலம் மாமி திட்ட, படகே சிரித்தது.

அவளும் சிரித்தாள். தினம் பார்க்கிற கணவன் வாய்த்தால் திட்டவும் முடிகிறது.

இவர் பார்த்ததில்லை. ரயில்வே உத்தியோகம். பிலாஸ்பூர், கோட்டா, ஜபல்பூர் என்று தேசம் முழுக்க மாற்றல். அவள் கும்பகோணத்தில் அவருடைய அப்பா அம்மாவைப் பார்த்துக்கொண்டு இருந்தாள். தீபாவளிக்கு வருவார். கோடையில் ஒருமுறை வருவார். பெட்டியைத் திறந்து மூடுவதற்குள் கிளம்பிவிடுவார். ரிடையராகி வீட்டோடு வந்த பிறகும் விருந்தாளி மாதிரிதான் இருந்தார். காபி கொடுத்தால் தாங்க்ஸ் சொல்வார்.

ரயிலில் வரும்போது மட்டும் கொஞ்சம் பேசினார். இந்த ஸ்டேஷனில் பூரி நன்றாக இருக்கும், அந்தப் பாலத்தில் வண்டி மெதுவாகப் போகும் என்று காட்டிக்கொண்டே வந்தார். தன் தேசத்தை எனக்குச் சுற்றிக் காட்டுகிறார் என்று அவள் சந்தோஷப்பட்டாள். ஜபல்பூர் வந்தபோது அவர் கண்ணை மூடிப் படுத்திருந்தார். அங்கேதான் அதிக வருஷம் இருந்தார். அசதி போலிருக்கிறது என்று போர்வையை இழுத்துவிட்டாள்.

படகில் ஏறியதும் சாஸ்திரிகள் சங்கல்பத்துக்குக் குழந்தைகள் பெயரைக் கேட்டார். இல்லை என்று அவள்தான் சொன்னாள். அந்தப் பதிலை எப்போதும் அவள்தான் சொல்வாள்.

சீப்பு உச்சியில் இறங்கியது.

சிக்கு இருந்த இடத்தில் அவர் இழுக்கவில்லை. வேர்ப்பக்கம் முடியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, நுனியிலிருந்து மெல்ல எடுத்தார். வலிக்கவே இல்லை.

அவளுக்குக் கண்ணில் நீர் கட்டியது.

இந்தக் கை இத்தனை வருஷம் எங்கே இருந்தது?

படகைச் சுற்றி வெள்ளைப் பறவைகள் கூச்சலிட்டன. யாரோ ஓமப்பொடியை அள்ளி வீசினார்கள். அவள் வேடிக்கை பார்க்கத் தலையைத் திருப்பினாள்.

"ஆடாதே" என்றார்.

சீப்பால் உச்சந்தலையில் செல்லமாக ஒரு தட்டு.

அந்தக் குரலை அவள் கேட்டதே இல்லை. தாங்க்ஸ் சொல்லும் குரல் இல்லை அது. கோபித்துக்கொள்வதுபோல ஒரு கொஞ்சல். இந்தக் குரலில் ஒருமுறை கூப்பிட்டிருந்தால் ஜபல்பூருக்கு நடந்தே போயிருப்பாள்.

ஆடாமல் உட்கார்ந்தாள்.

சீப்பு நெற்றியிலிருந்து பிடரிவரை நேராக ஒரு கோடு போட்டது. முடி இரண்டாகப் பிரிந்தது. வலது பக்கத்தைத் தோளுக்கு முன்னால் ஒதுக்கிவிட்டு, இடது காதுக்கு மேலே அவர் பின்ன ஆரம்பித்தார். சரசரவென்று, இழுத்து இறுக்கி, நேரமாகிவிட்டவர்போல.

சாஸ்திரிகள் சிரித்துவிட்டார்.

"என்ன மாமா, ரெட்டைப் பின்னல் போடறேள்? மாமியை ஸ்கூலுக்கா அனுப்பப்போறேள்? ஒரே பின்னல் போறும்."

படகு மறுபடி சிரித்தது. அவளும் சிரித்தாள்.

அவர் கை நின்றது.

அதற்குப் பிறகுதான் அவள் சிரிப்பும் நின்றது.

"குடுத்து வெச்சவ நீங்க" என்றாள் விசாலம் மாமி. "கைப்பழக்கத்தைப் பாருங்கோ!"

கைப்பழக்கம் ஒரு நாளில் வருவதில்லை. தினம் காலையில் ஒரு சின்னத் தலையை முழங்கால்களுக்கு நடுவில் பிடித்து வைத்துக்கொண்டு, ரிப்பனைப் பல்லில் கடித்துக்கொண்டு, வருஷக்கணக்கில் பின்னினால் வரும்.

அவளுக்கு அவர் முகம் தெரியவில்லை. மூச்சு மட்டும் பிடரியில் பட்டது. இத்தனை பேர் இருந்த படகில் அவள் தனியாக உட்கார்ந்திருந்தாள்.

அவர் போட்டதைப் பிரித்தார். இரண்டு பக்கத்தையும் சேர்த்தார். இப்போது விரல்கள் தடுமாறின. மற்ற கணவர்களைப்போலவே சொதப்பினார்.

பூ வைத்தாயிற்று. சாஸ்திரிகள் கத்தரிக்கோலை அவர் கையில் கொடுத்தார்.

"வெட்டறதுக்கு முன்னாடி மாமி ஆத்துக்காரரைப் பார்த்து உத்தரவு கேட்டுக்கணும்."

அவள் திரும்பினாள்.

அவர் ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கேட்க வேண்டிய வார்த்தைகளை சாஸ்திரிகள் முன்பே சொல்லிக்கொடுத்திருந்தார். ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. பறவைகளின் கூச்சலில் வேறு யாருக்கும் கேட்காதபடி, அவர் பக்கம் சாய்ந்து, மெதுவாகக் கேட்டாள்.

"அவ பேர் என்ன?"

யாருடைய பேர் என்று அவர் கேட்கவில்லை.