பின்பாதி

"ஆமையே, நாளைக்குள்ள உன்ட பாதிய முடி மச்சான்! கடைசியா ஆர் வெல்லுறாங்க எண்டு நான் வந்து சொல்லுறன்" என்று முனாபைச் சீண்டிவிட்டு நல்லரெத்தினம் சைக்கிளில் ஏறியது நேற்றுப் பின்னேரம். எண்ணூறு பக்கத்தில் டிராகன்களும் பிளவுண்ட ராச்சியங்களும். சேர்ந்து விமர்சனம் எழுதுவதற்காக நாவலை நடுத்தையலில் வெட்டிப் பகிர்ந்திருந்தார்கள். இன்று காலை பாண்டிருப்புச் சந்தியில் நல்லரெத்தினத்தைச் சுட்டுவிட்டார்கள். கிடுகுப் பந்தலின் ஓட்டைகள் வழியே வெயில் சவப்பெட்டியின் மேல் புள்ளி புள்ளியாய் விழுகிறது. அவன் மனைவி பூமணி பின்பாதியை நீட்டுகிறாள். "ராவே வாசிச்சு முடிச்சிட்டார், அண்ணன். முடிவ எனக்கும் சொல்லல்ல. 'முனாபுக்குத்தான் முதல்ல' எண்டார்." முனாப் அதை நெஞ்சோடு அணைத்துக்கொள்கிறான், திறக்கவில்லை. தன் பாதியில் அவன் நிறுத்திய பக்கத்தில், இரண்டு அரசர்களும் ஆற்றின் இரு கரைகளில் இன்னும் நிற்கிறார்கள்.