நாற்பத்திரண்டின் ஊர்வலம்

“எங்கப்பா வருதாரு. காலை மடக்கி உக்காருலே!” என்று மகனை அதட்டினாள் வடிவம்மாள்.

“நீட்டுனா எந்திரிச்சு வந்து அடிக்கவா போறாரு?” என்று முனகினாலும், ஐம்பத்தைந்து வயதுப் பெருமாள்ராஜ் காலை மடக்கிக்கொண்டான்.

நாற்பத்திரண்டில் போலீஸ் ஊர்வலத்தை அடித்துக் கலைத்தபோது, வடிவம்மாளின் அப்பா மாடக்கண்ணு தாமிரபரணி வெள்ளத்தோடு போனார். உடல் கிடைக்கவில்லை, அவர் வேட்டியை வைத்துக் கொள்ளி போட்டார்கள். அன்று அவள் தாய் வயிற்றில் இருந்தாள். சுவரில் மாலையோடு தொங்கும் கல்யாணப் படத்தில்தான், இடது காதுமடல் கிழிந்த அந்த முகத்தைப் பார்த்து வளர்ந்தாள்.

ஆவணப்படம் எடுக்கும் வித்யாலக்ஷ்மி மடிக்கணினியைத் திறந்தாள். அந்தக் காலத்தில் கையால் சுற்றும் கேமராவோடு போராட்டங்களைப் படம்பிடித்த ஒருவரின் வீட்டுப் பரணில், ‘1942’ என்று எழுதிய தகர டப்பாவில் கிடைத்த படச்சுருளை அதில் ஏற்றிக் கொண்டுவந்திருந்தாள்.

கறுப்பு வெள்ளையில் ஒரு தெரு. சத்தமே இல்லாமல் கூட்டம் கோஷம் போட்டது. நடுவில், மூன்று வயது மதிக்கத்தக்க பெண்குழந்தையைத் தோளில் தூக்கியபடி, காதுமடல் கிழிந்த ஒருவர் சிரித்துக்கொண்டே வந்தார். குழந்தையின் கையில் சக்கரம் போட்ட கொடி படபடத்தது.

“அவருதாம்லே! நடக்காரு பாரு, உன்னை மாதிரியே சாஞ்சு சாஞ்சு.” வடிவம்மாள் திரையைத் தடவினாள். “அந்தப் பிள்ளை யாரு?”

“கூட்டத்துல யாரு பிள்ளையோ” என்றான் பெருமாள்ராஜ்.

“குடுத்து வச்சது.”

“மேடம், அங்கன நிறுத்துங்க. தாத்தா மூஞ்சியைப் பெருசாக்கி மாட்டணும்.”

வித்யாலக்ஷ்மி நிறுத்திப் பெரிதாக்கினாள். முகத்தோடு கொடியும் பெரிதானது. அவள் கை சட்டென்று மடிக்கணினியின் மூடியைத் தாழ்த்தியது.

“ஏன் மூடுதிய?”

“டப்பா மாறிப்போச்சு அண்ணாச்சி. இது வேற ஊர்வலம்.”

“எங்கப்பா இருக்காருல்லா? அப்புறம் என்ன வேற?” வடிவம்மாள் விடவில்லை. “சொல்லு தாயி.”

“நாப்பத்திரண்டுல கொடி நடுவுல ராட்டைதான் இருக்கும். சக்கரம் வந்தது நாப்பத்தேழுல, சுதந்திரத்தப்பதான்.”

பெருமாள்ராஜ் வாசலைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான்.

தாழ்ந்த மூடியை வடிவம்மாளே நிமிர்த்தினாள். மாடக்கண்ணு இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார். குழந்தை உரிமையோடு அவர் முடியைப் பிடித்திருந்தது.

“அப்போ, எங்கம்ம யாருக்குத் தாலி அறுத்தா?”