வாசல் பாட்டு

அவர் அழைப்பு மணியை அழுத்தவில்லை. உடுக்கையை எடுத்தார்.

மகள் வீட்டு வாசல்தான். ஆனாலும் மணியை அழுத்தினால், கதவு திறந்ததும் சொல்ல ஒரு வார்த்தை வேண்டுமே. ஒன்பது வருடமாகப் பேச்சில்லை. பாட்டு என்றால் அந்தத் தொல்லை கிடையாது. கதவு மூடியிருக்கும்போதே தொடங்கிவிடலாம்.

சுவிஸ் குளிரில் தோல் தொய்ந்துவிடும் என்று உடுக்கையைக் கோட்டுக்குள் வைத்துக் கொண்டுவந்திருந்தார். நெஞ்சுச் சூட்டில் அது நன்றாகவே பேசியது.

பிள்ளை பிறந்த வீட்டில் பாடும் வாழ்த்து. தாராபுரம் பக்கம் எத்தனையோ வாசல்களில் பாடி அரிசி வாங்கியது. பேரன் பிறந்து மூன்று மாதம் ஆகிறது என்று கோயிலில் யாரோ சொல்லித்தான் அவருக்குத் தெரியும்.

எதிர்வீட்டு ஜன்னலில் திரை விலகியது.

விலகட்டும்.

பல வருடம் முன்பு இங்குள்ள கோயில் திருவிழாவில் பாட வந்த குழு ஊர் திரும்பியபோது அவர் மட்டும் இங்கே தங்கிவிட்டார். உணவகத்தில் பாத்திரம் கழுவினார். மனைவியையும் ஏழு வயது மகளையும் வரவழைத்தார். ஆனால் கால் மட்டும் வீட்டில் தங்கவே இல்லை. எந்த ஊரில் திருவிழா என்றாலும் ரயில் ஏறிவிடுவார். மனைவி கண்ணை மூடியபோதும் எங்கேயோ பாடிக்கொண்டுதான் இருந்தார்.

அதைக்கூட மகள் பொறுத்துக்கொண்டாள்.

பொறுக்க முடியாதது அவள் கல்யாணத்தில் நடந்தது. அவர் மேடையேறி வாழ்த்துப் பாடினார். மண்டபமே அடங்கிப்போனது. பாட்டு முடிந்ததும் கை தோளுக்குப் போனது. துண்டை எடுத்து விரித்து, சம்பந்தி வீட்டார் முன்னால் நீட்டியது.

சத்தியமாக அவர் நீட்டவில்லை. கைதான் நீட்டியது.

யாரோ சிரித்துக்கொண்டே அதில் ஒரு லட்டு போட்டார்கள்.

"எங் கல்யாணமும் உங்களுக்கு இன்னொரு வாசல்தானாப்பா?" என்று கேட்டாள் தமயந்தி. அதற்குப் பிறகு அவரிடம் எதுவுமே கேட்கவில்லை.

கதவு திறந்தது.

அவர் நிமிரவில்லை. அரிசி போடுகிறவர் முகத்தைப் பார்க்கக் கூடாது. படி தாண்டக் கூடாது. அதுதான் வழக்கம். குனிந்த பார்வையில் கம்பளிச் செருப்புப் போட்ட அவள் பாதங்கள் தெரிந்தன. ஒரு கை மூடியிருந்தது. விரலிடுக்கில் வெள்ளையாக இரண்டு மணி.

அரிசி.

அவர் தோள்பையில் அரிசி விழுந்துவிட்டால் வாழ்த்திவிட்டு அடுத்த வாசலுக்கு நகர வேண்டும். திரும்பிப் பார்க்கக் கூடாது. அவளுக்கு இதெல்லாம் தெரியும். ஊரில் அவருக்குப் பை பிடித்து நடந்தவள் அவள்தானே.

ஆகவே அவர் பாட்டை முடிக்கவில்லை.

முடிய வேண்டிய இடத்தில் முதலடிக்குப் போனார். மறுபடியும் போனார். பேரனுக்குப் பொன்னில் அரைஞாண் கட்டினார். யானை மேல் ஏற்றினார். பாட்டிலேயே இல்லாத ஏழெட்டு ஊர்களை அவன் பேருக்கு எழுதிவைத்தார். அவன் பேர் என்ன என்றுதான் தெரியவில்லை. அந்த இடம் வரும்போதெல்லாம் உடுக்கையை ஓங்கி அடித்துச் சமாளித்தார்.

எழுபத்தோரு வயதுத் தொண்டை எவ்வளவு நேரம் தாங்கும்? இருமல் வந்தது. பாட்டு நின்றது.

பையை விரித்து நீட்டினார். இந்த முறை அவரேதான் நீட்டினார்.

விழட்டும் என்று கண்ணை மூடிக்கொண்டார்.

விழவில்லை.

செருப்புச் சத்தம் உள்ளே போனது. சமையலறையில் ஒரு டப்பா திறந்தது. அரிசியை அதில் திரும்பக் கொட்டும் சத்தம் சின்னதாகக் கேட்டது.

வெறும் பையோடு அனுப்பிய வீட்டை ஊரில் என்றால் பத்து நாள் திட்டித் தீர்த்திருப்பார். இப்போது அழுகை வந்தது.

கதவு திறந்தே கிடந்தது. உள்ளே குழந்தை சிணுங்கியது. குளிர் அவரைத் தாண்டி வீட்டுக்குள் போய்க்கொண்டிருந்தது.

அவர் படியிலேயே நின்றார்.

எத்தனை ஆயிரம் வாசல். ஒன்றைக்கூடத் தாண்டிப் பழக்கமில்லை அவருக்கு.