இருபது வருஷ கோச்

“இருபது வருஷமா கோச் வேலைதாங்க. பெங்களூர்ல இன்னிக்கு ஓடுறதுல பாதி நம்ம கை பட்டதுதான்” என்றார் திம்மப்பன். காலேஜ் கால்பந்து அணியின் கேப்டன் ஸ்ரீராமுக்கு அந்த நிமிஷமே பாதி உயிர் திரும்பி வந்தது.

மீதி உயிர் பிரின்சிபால் கையில் இருந்தது. போன வருஷம் ஆடிய அத்தனை ஆட்டத்திலும் அணி மண்ணைக் கவ்வியதில் மனுஷர் வெறுத்துப் போயிருந்தார். இந்த வருஷமும் கோப்பை வரவில்லையென்றால் மைதானத்தில் பஸ் ஷெட் போட்டுவிடுவேன் என்று சொல்லிவிட்டார். அதற்கு அச்சாரம் போல, கூரை பிய்ந்த பழைய காலேஜ் பஸ் ஒன்று ஏற்கெனவே கார்னர் கொடிக்குப் பக்கத்தில் வந்து நின்றது. அதைப் பார்த்தாலே ஸ்ரீராமுக்கு வயிறு எரியும்.

மத்திகிரியில் யாரோ கொடுத்த நம்பருக்கு போன் போட்டு, கோச் வேண்டும், உடனே வாருங்கள் என்று திம்மப்பனை வரவழைத்ததும் பிரின்சிபால்தான். பசங்களைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று ஒப்படைத்துவிட்டு அவர் போய்விட்டார்.

திம்மப்பன் எல்லையோரத்துப் பேரிகை ஊர்க்காரர். கோபம் வந்தால் கன்னடம், ரொம்ப வந்தால் தெலுங்கு. பந்தை எப்படி உதைப்பது என்று மறந்தும் சொல்லித் தரவில்லை. “எதுக்கும் பாடி ஸ்ட்ராங்கா இருக்கணும்ப்பா” என்று மைதானத்தைச் சுற்றிச் சுற்றி ஓடவிட்டார். பிறகு தடுப்பாட்டக்காரர்களை வரிசையாக நிறுத்தி, குனிந்து, ஒற்றைக் கண்ணால் பார்ப்பார்.

“நடுவுல வெளிச்சம் தெரியுது. நெருங்கி நில்லுங்க. வெளிச்சம் பூந்தா மழைத்தண்ணியும் பூந்துரும்.”

பெரிய கோச்சுகள் இப்படித்தான் தத்துவமாகப் பேசுவார்கள் என்று ஸ்ரீராம் மற்றவர்களுக்கு விளக்கினான். பயிற்சி முடிந்ததும் அவர் அந்தப் பழைய பஸ்ஸைத் தட்டித் தட்டிப் பார்த்துக்கொண்டு நிற்பார். அடுத்த ஆட்டத்துக்கு வியூகம் யோசிக்கிறார், யாரும் கிட்டே போகாதீர்கள் என்று அதற்கும் அவனே காவல் இருந்தான்.

தத்துவம் வேலை செய்தது. வந்த அணியெல்லாம் முட்டி மோதிப் பார்த்துவிட்டு, ஒரு கோல்கூடப் போட முடியாமல் ஊர் திரும்பின. இறுதி ஆட்டம் இவர்கள் மைதானத்திலேயே நடந்தது. விசில் ஊதப்போகும் நேரத்தில் ஸ்ரீராம் உதைத்த பந்து கம்பத்தில் பட்டு, போகலாமா வேண்டாமா என்று யோசித்து, உள்ளே போய்விட்டது.

கோப்பையைத் தூக்கியபோது அவனுக்கு அழுகை வந்துவிட்டது. மைதானத்தில் இனி யாரும் கை வைக்க மாட்டார்கள் என்று பிரின்சிபால் மைக்கிலேயே அறிவித்தார். திம்மப்பனுக்குச் சால்வை போர்த்தி, என்ன வேண்டுமோ கூச்சப்படாமல் கேளுங்கள் என்றார்.

திம்மப்பன் ரொம்பவே கூச்சப்பட்டார். தலையைச் சொறிந்துகொண்டு கார்னர் பக்கம் கையைக் காட்டினார்.

“பசங்களப் பாத்துக்கச் சொன்னீங்க, பாத்துட்டேன். அந்த பஸ்ஸுக்கு எப்பங்க சார் பாடி கட்டறது?”