கொட்டாங்குச்சித் தண்ணீர்

அந்தத் தெருவில் சிக்குன்குனியா வராமல் தப்பித்தவள் வேதவல்லி ஒருத்திதான். மற்றவர்களுக்குக் காய்ச்சல் விட்டு மாதக்கணக்காகியும் மூட்டுவலி விடவில்லை. அவள் கணவர் ஞானசேகர் காலையில் சுவரைப் பிடித்துக்கொண்டு வாசலுக்கு நொண்டிப் போவார். மதிலுக்கு அந்தப் பக்கம் அடுத்த வீட்டு மேபலும் நொண்டி வந்து நிற்பாள்.

“விரல் மடங்குதா சார்?”

“எங்க, டம்ளரைக்கூடப் பிடிக்க முடியல. உங்களுக்குக் கணுக்கால் எப்படி இருக்கு?”

கல்யாணமான நாளிலிருந்து தன் கணுக்காலை அவர் விசாரித்ததாக வேதவல்லிக்கு ஞாபகமில்லை. ஒருநாள் அவளும் நொண்டிக்கொண்டு போய் அவர்களோடு நின்றாள். மேபல் அவள் நடையைப் பார்த்துவிட்டு, “இது அந்த வலி இல்லக்கா” என்றாள். ஞானசேகர் சிரித்தார்.

அன்றிலிருந்து வேதவல்லி கொசுவத்தி கொளுத்தவில்லை. கொல்லையில் கிடந்த கொட்டாங்குச்சிகளை நிமிர்த்தி வைத்துத் தண்ணீர் ஊற்றினாள். மாநகராட்சிப் பெண் வந்து கவிழ்த்துத் திட்டிவிட்டுப் போனதும் மறுபடி நிமிர்த்தினாள்.

ஒரு காலையில் மேபல் வீட்டு மதிலைத் தாண்டி வந்த வரிக்கொசு ஒன்று வேதவல்லியின் கையில் உட்கார்ந்தது. மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள். அது கடித்ததா இல்லையா என்று தெரிவதற்குள் பளாரென்று ஓர் அடி விழுந்தது.

“கொசு உட்கார்றதுகூடத் தெரியாம அப்படி என்னடி யோசனை?” என்று வலி தாங்காமல் கையை உதறினார் ஞானசேகர். உள்ளங்கையில் ரத்தம். வேதவல்லி அந்தக் கையை இழுத்து வெளிச்சத்தில் விரித்துப் பார்த்தாள்.

“இது யாரு ரத்தம்?” என்றாள்.