முதல் வரியில் ஓர் என்க

அவள் சாக்பீஸைக் கீழே வைப்பதற்குள் தொலைபேசி அடித்தது.

எடுக்கவில்லை. மருத்துவமனையிலிருந்து கணவன்தான். என்ன சொல்லப் போகிறான் என்பதும் தெரியும். குழலி இறந்துவிட்டாள்.

அதைக் கரும்பலகையில் இப்போதுதான் அவளே எழுதினாள்.

குழலி இறந்துவிட்டாள் என்க.

எட்டு வயது மகள். தலைக்கேறிய காய்ச்சல். டாக்டர்கள் காலையிலேயே கையை விரித்துவிட்டார்கள். அவள் மருத்துவமனையிலிருந்து நேராக இங்கே வந்து, வகுப்பறையை உள்ளே தாழ் போட்டுக்கொண்டாள்.

இந்தப் பல்கலைக்கழகத்தில் பலகையில் கணக்காக நிறுவியது நிஜத்திலும் நடக்கும். அதற்காக நினைத்ததெல்லாம் நடந்துவிடும் என்று வெளியில் இருப்பவர்கள் நம்பிக்கொண்டிருக்கிறார்கள். மழைத்துறைக்காரர்கள் வருடக்கணக்கில் முட்டி மோதியும் தூறலைத் தாண்டவில்லை. ஆற்றுத்துறை ஒரு கழித்தல் குறியை விட்டுவிட்டு, ஓர் ஊரின் கிணறுகளையெல்லாம் உப்பாக்கியது. அதைப் பற்றி இன்னும் கருத்தரங்கு நடத்திக்கொண்டிருக்கிறது.

பெற்ற பிள்ளைக்காகப் பலகையைத் தொடக் கூடாது என்பது இங்கே முதல் விதி. கை நடுங்கும், தப்பு வரும் என்பார்கள். புதிதாகச் சேர்பவர்களுக்கு அதை அவளே சொல்லியிருக்கிறாள். நன்றாகவே சொன்னாள். பிள்ளை படுக்கையில் கிடக்காதபோது யாரும் நன்றாகச் சொல்லலாம்.

குழலி பிழைப்பாள் என்று நேராக நிறுவ வழியில்லை. பார்த்துவிட்டாள்.

மிஞ்சியது சுற்றுவழி. இறந்துவிட்டாள் என்று வைத்துக்கொண்டு, அது முடியவே முடியாது என்று காட்டுவது. முரண்பாடு கிடைத்துவிட்டால், வைத்துக்கொண்டது பொய்யாகிவிடும்.

கிடைக்கும்வரை அது மெய்.

பொழுது சாய்வதற்குள் கிடைக்காவிட்டால் என்றைக்கும் மெய்.

ஆக, தன் பிள்ளையைத் தானே கொன்றுவிட்டு அவள் அடுத்த வரிக்குப் போனாள்.

தொலைபேசி அடித்து ஓய்ந்தது. மறுபடி அடித்தது.

எழுதினாள். பலகை நிறைந்ததும் சுவரில் எழுதினாள். மூக்கைப் புறங்கையால் துடைத்துத் துடைத்து முகமெல்லாம் வெள்ளையாகிவிட்டது. சுமந்தவளுக்கும் சுமக்கப்பட்டவளுக்கும் நடுவே இருப்பதையெல்லாம் ஒவ்வொரு படியாக இறக்கி வைத்தாள். ஜன்னலில் வெயில் மஞ்சளானபோது வந்து சேர்ந்துவிட்டாள்.

மேற்கண்டவை மெய்யானால், தாயும் உயிரோடு இருக்க முடியாது.

தாய் உயிரோடுதான் இருந்தாள். மூச்சு வாங்க நின்றுகொண்டிருந்தாள்.

முரண்பாடு.

இனி ஒரே வரிதான் பாக்கி. வைத்துக்கொண்ட எடுகோள் தவறு என்று எழுதிவிட்டால் குழலி கண் திறப்பாள்.

கடைசி வரிக்கு முன்னால் மேலிருந்து ஒருமுறை படித்துப் பார்ப்பது வழக்கம். படித்தாள்.

இறந்துவிட்டாள் என்பதற்கும் மேலே, முதல் வரியிலேயே கண் நின்றுவிட்டது.

குழலி என் மகள் என்க.

ஆவாள் என்று எழுதியிருக்க வேண்டும். தெரிந்த உண்மைக்கு ஆவாள். வைத்துக்கொள்வதற்குத்தான் என்க. பள்ளிக்கூடத்திலிருந்து எந்தக் கணக்கையும் என்க போட்டே தொடங்கிப் பழகிய கை, தன்பாட்டுக்குப் போட்டுவிட்டது. மாணவர்கள் இப்படி எழுதினால் சிவப்பு மையில் கோடு இழுப்பாள்.

முரண்பாட்டுக்குக் கண் கிடையாது. என்க என்று முடிகிற வரிகளையெல்லாம் சேர்த்தே சாய்த்துவிடும்.

இறந்துவிட்டாள் என்பது விழும்.

என் மகள் என்பதும் விழும்.

முதல் வரியை அழிக்கலாம். அழித்தால் அதன்மேல் நிற்கிற அத்தனையும் போகும். மறுபடி எழுதப் பொழுது இல்லை. வெயில் ஜன்னல் கம்பிக்குக் கீழே இறங்கிவிட்டது.

எழுதாமலும் விட்டுவிடலாம். குழலி கடைசிவரை அவள் மகளாகவே இருப்பாள். ஒரு நிமிடம் அந்த ஆசை வந்துபோனது. வந்ததற்காகத் தன்னையே அறைந்துகொள்ள வேண்டும்போல் இருந்தது.

எழுதி முடித்ததும் எல்லோருக்கும் பழையது மறந்துவிடும். பலகையில் எழுதியவளுக்கு மட்டும் மறக்காது. இந்த வேலைக்கு அதுதான் கூலி.

புடவைக்கு மேலாகவே அடிவயிற்றுத் தழும்பைத் தடவிப் பார்த்தாள். அப்போதுதான் அழுகை வந்தது. மகள் இறந்தபோதுகூட வரவில்லை. அது வெறும் ஒரு படியாக இருந்தது.

தொலைபேசி மறுபடி அடித்தது. இந்த முறை எடுத்தாள்.

“எங்க இருக்க நீ? முகத்த மூடப் போறாங்க. வந்து ஒருதடவ பாத்துரு.” அதற்கு மேல் அவனால் பேச முடியவில்லை. அவன் அழுது அவள் கேட்டதில்லை.

தொலைபேசியைக் காதுக்கும் தோளுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு எழுதினாள்.

எனவே எடுகோள்கள் தவறு.

தொலைபேசியில் அவன் அழுகை பாதியில் நின்றது.

அவனுக்குப் பின்னால் ஒரு சின்னக் குரல் தண்ணீர் கேட்டது. தொண்டை கட்டியிருந்தது. குழலிதான்.

“இரு கண்ணு, அம்மா ஆத்தித் தரேன்” என்றது ஒரு பெண்ணின் குரல்.

அவள் கேட்டறியாத குரல். பொறுமையான குரலாக இருந்தது. அது ஆறுதலாகவும் இருந்தது, தாங்கவும் முடியவில்லை.

“ஹலோ, யாருங்க பேசுறது?” என்றான் அவன். மரியாதையாகத்தான் கேட்டான். “பாப்பாவுக்கு நீங்க என்ன வேணும்?”

அந்தப் பக்கம் தண்ணீர் குடிக்கும் சத்தம் கேட்டது.

“கணக்கு டீச்சருங்க” என்றாள்.