இடது கைக்காரன்

திரை விலகியதும் அவனுக்கு முகம் கூசியது.

இருபத்தைந்து வருடத்தில் முதல் தடவையாக, கறுப்புத் துணி போடாமல் மேடையில் நிற்கிறான். இந்த ஜப்பானியப் பொம்மலாட்டத்தில் ஒரு பொம்மையை மூன்று பேர் ஆட்டுவார்கள். தலையைப் பிடிக்கிறவருக்கு மட்டும்தான் முகம் உண்டு. காலையும் இடது கையையும் பிடிக்கிற மற்ற இருவரும் மூடிக்கொள்ள வேண்டும்.

பத்து வருடம் கால். பதினைந்து வருடம் இடது கை. அப்புறம்தான் தலை.

மொரினோ வாத்தியார் அப்படித்தான் சொல்லியிருந்தார். சொன்னவர் மார்ச்சில் போய்ச் சேர்ந்தார். தலை இவன் கைக்கு வந்தது.

இப்போது இடது கைக்கு ஆள் இல்லை. தபால் ஆபீஸ் ஒகுமுராவைக் கெஞ்சிக் கூத்தாடிப் பிடித்து வந்தான். மூன்று மாதப் பழக்கம். காலுக்கு ஆளே கிடைக்கவில்லை. நல்லவேளை, பெண் பொம்மைக்குக் கால் கிடையாது. கிமோனோ அது பாட்டுக்குத் தொங்கட்டும் என்று விட்டாயிற்று.

பாடுகிறவரும் கேசட்டில்தான்.

எதிரே பதினோரு பேர்.

மகன் செத்த செய்தி வருகிறது. தாய்ப் பொம்மை இடது கையைத் தூக்கி முகத்தை மூடி அழ வேண்டும். தலையைப் பிடித்தவர் பொம்மையின் தோளை ஒரு நூலளவு அசைப்பார். அதைப் பார்த்துத்தான் இடது கை எழும். முந்திக்கொண்டால் வாத்தியாரிடம் உதைதான்.

அவன் அந்த அசைவுக்காகக் காத்திருந்தான்.

கேசட் அழுதுகொண்டே போனது. பொம்மை அப்படியே நின்றது. என்ன ஆச்சு இந்த மனுஷனுக்கு என்று வாத்தியார் மேல் கோபம்கூட வந்தது.

துணிக்குள்ளிருந்து ஒகுமுரா மெல்லக் கேட்டார்.

"ஐயா, கையைத் தூக்கட்டுமா?"

அப்போதுதான் உறைத்தது. அசைக்க வேண்டியவன் அவன்தான்.

பாட்டு முடிந்துவிட்டது. அவமானத்தில் கண் நிறைந்தது. மூடிக்கொள்ளத் துணியும் இல்லை.

பதினோரு பேரும் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

ஊர் மன்றத்து அம்மாள் மேடைக்குப் பின்னாலேயே வந்துவிட்டாள். மூக்கு சிவந்திருந்தது.

"பெத்தவ கல்லா நின்னுட்டா பாருங்க! மொரினோ ஐயாவுக்கே இது வந்ததில்ல. நாளைக்கும் இப்படியே செஞ்சிடுங்க."

அவன் தலையாட்டினான்.

அவள் போனதும், ஆணியில் தொங்கிய தன் பழைய கறுப்புத் துணியை எடுத்து மாட்டிக்கொண்டான்.

"நாளைக்குத் தலையை நீங்க பிடிங்க. நான் இடது கைக்கே வந்துடறேன்."

ஒகுமுரா பதறிப்போனார்.

"ஐயய்யோ, எனக்குத் தலை பிடிக்கத் தெரியாதே!"

"எனக்கும்தான்" என்றான், துணிக்குள்ளிருந்து.